யார் பேருக்கு இந்த மாகாளி

தருமபுரி பஸ் நிலையத்தில் நான் முதலில் செய்த காரியம் தவறான பஸ்ஸில் ஏறியதுதான். யாரையும் கேட்காமல் பலகையைப் படித்துவிட்டு ஏறுவது என் பழக்கம். பலகையில் பாதி சேறு. 'பாப்' என்பதும் 'பட்டி' என்பதும் தெரிந்தன. ஜன்னலோரம் உட்கார்ந்துவிட்டேன்.

ஊர் எல்லை தாண்டிய பிறகு கண்டக்டர் வந்தார். பாப்பாரப்பட்டி என்று சொல்லி சில்லறையை நீட்டினேன்.

"இது பாப்பிரெட்டிப்பட்டி வண்டிங்க. அது ஒரு தெசை, இது ஒரு தெசை."

பக்கத்தில் மடியில் கோழியோடு இருந்தவர், "ரெண்டும் பட்டிதானுங்களே, எங்கூட வந்துடுங்க" என்றார். பஸ் முழுக்கச் சிரித்தது. நான் இறங்கிக் குடையையும் பையையும் தூக்கிக்கொண்டு வந்த வழியே நடந்தேன். அரைநாள் போயிற்று. எனக்கு மொத்தமே ஐந்து நாள் லீவு.

எங்கள் ஊர் வைத்தீஸ்வரன்கோயிலுக்குக் கிழக்கே, காவிரி கடலை நெருங்கும் பக்கம். பள்ளிக்கூடத்தில் மணி அடிப்பது என் வேலை. அந்த வருடம் ஆடியில் என் மனைவிக்கு டைபாய்டு வந்தது. காய்ச்சல் இறங்கி மூன்று மாதமாகியும் பசி மட்டும் திரும்பவில்லை. இரண்டு கரண்டி கஞ்சியை வைத்துக்கொண்டு ஒரு மணி நேரம் உட்கார்ந்திருப்பாள், பிறகு தட்டைத் தள்ளிவிடுவாள். வளையல் முழங்கை வரை ஏறி இறங்கியது. ஆஸ்பத்திரியில் இனி ஒன்றுமில்லை, சாப்பிட்டால் சரியாகிவிடும் என்றார்கள். சாப்பிட மாட்டேன் என்கிறாள் என்பதற்குத்தானே அங்கே போனோம்.

எங்கள் வைத்தியர், வாய்க்கு ருசியும் வயிற்றுக்குப் பசியும் வர மாகாளிக்கிழங்கு நல்லது என்றார். கடைகளில் வருவது காய்ந்த குச்சி, அதில் வாசம் கிடையாது. மலையில் தோண்டி ஐந்தாறு நாளைக்குள் ஈரத்தோடு வந்து சேர வேண்டும். பாப்பாரப்பட்டியில் புளி வியாபாரம் செய்யும் சுக்கூர் பாய் என்பவருக்கு ஒரு கடிதம் எழுதிக் கொடுத்தார். மனைவியை அவளுடைய அக்காவிடம் விட்டுவிட்டுக் கிளம்பினேன்.

அன்று மாலை பாய் கடையை அடைந்தபோது சந்தை கலைந்துகொண்டிருந்தது. கடை வாசலில் புளி மலை போலக் குவிந்திருந்தது. மூச்சை இழுத்தாலே பல் கூசியது. பாய் கடிதத்தை இரண்டு முறை படித்தார்.

"பேஷண்ட் யாருங்க?"

"வீட்டில்" என்றேன்.

"வூட்லயா. சரி, சரி." அவர் மேலே கேட்கவில்லை. அதற்காகவே அவரை எனக்குப் பிடித்துவிட்டது.

கிழங்கு எடுப்பது மாதம்மா என்ற பெண்மணி, மூன்று மைல் தள்ளி மலையடி ஊரில் இருக்கிறாள், வீட்டில் கன்னடம் பேசுகிறவர்கள், ஆனால் தமிழ் நன்றாகவே பேசுவாள் என்றார். படுக்கக் கடைக்குப் பின்னால் கிடங்கில் கோரைப்பாய் விரித்துக் கொடுத்தார். சாப்பிட அவர் வீட்டிலிருந்து சோறும் கத்திரிக்காய்க் குழம்பும் வந்தது. புளி தாராளம். முதல் கவளம் எடுத்ததும் என் மனைவி தட்டைத் தள்ளும் சத்தம் காதில் கேட்டது. பாதியில் கை கழுவினேன். "காரம் ஜாஸ்தியா?" என்று பாய் கேட்டார். ஆமாம் என்று பொய் சொன்னேன்.

மறுநாள் காலை நடந்தேன். வழியெல்லாம் கல். எங்கள் பக்கத்தில் காக்காய் மேல் எறிய ஒரு கல் அகப்படாது, அம்மியைக்கூட வெளியூரிலிருந்துதான் கொண்டுவர வேண்டும். இங்கே வயலுக்கு நடுவில் யானை அளவு பாறை உட்கார்ந்திருக்கிறது, அதைச் சுற்றி உழுதிருக்கிறார்கள். முந்தின இரண்டு நாள் மழையில் மண் செம்மண் சாந்தாகி என் செருப்பைப் பிடித்து இழுத்தது. மழை கண்டால் எங்கள் ஊர்க்காரனுக்கு மனசு குளிரும். நானும் நல்ல சகுனம் என்று நினைத்துக்கொண்டு போனேன்.

மாதம்மா வாசலில் கேழ்வரகு புடைத்துக்கொண்டிருந்தாள். என் வயதுதான் இருக்கும். முறத்தை நிறுத்தாமலே, "ஊட்டா ஆய்த்தா?" என்றாள். எனக்கு விளங்கவில்லை. பாய் அனுப்பினார் என்றேன்.

"பேரா?" என்றாள்.

"முத்துக்குமாரசாமி."

அவள் முறத்தைக் கீழே வைத்துவிட்டாள். உள்ளே பார்த்து ஏதோ கன்னடத்தில் சொன்னாள், உள்ளிருந்து இரண்டு மூன்று சிரிப்பு வந்தது. எனக்குக் காது சுட்டது.

"அண்ணா, கோவிச்சுக்காதீங்க. எங்க வூட்ல வேருக்குப் பேருன்னு சொல்லுவோம். மாகாளி பேரு வாங்க வந்தீங்களான்னு கேட்டங்க. நீங்க உங்க பேரச் சொல்றீங்க." மறுபடி சிரித்தாள். "முத்துக்கொமாரசாமி. நல்ல பேருதான். ஆனா அத ஊறுகா போட முடியாது."

ஊட்டா என்றால் சாப்பாடு, சாப்பிட்டாயிற்றா என்று கேட்டேன் என்றும் சொன்னாள். இல்லை என்று தலையாட்டும் முன்பே களி வந்துவிட்டது. தேங்காய் அளவு ஓர் உருண்டை, நடுவில் குழி, குழியில் கொள்ளுக் குழம்பு. நான் வாயில் போட்டு மென்றேன். மெல்ல மெல்ல வாய் முழுக்க ஒட்டிக்கொண்டது.

"மெல்லாதீங்ணா, முழுங்குங்க. பல்லுக்கு இங்க வேலையில்ல."

விழுங்கினேன். நெஞ்சில் நின்று யோசித்துவிட்டு இறங்கியது. பாதி உருண்டைதான் தின்றேன், சாயங்காலம் வரை பசி தெரியவில்லை. சோறு தின்னும் ஊரில் பிறந்தவனுக்கு அது ஓர் ஆச்சரியம்.

கிழங்கை இன்றே எடுத்துத் தர முடியுமா என்று கேட்டேன். முடியாது என்றாள். மழை பெய்திருக்கிறது, வேர் தண்ணீர் குடித்து ஊதியிருக்கும், அதில் வாசம் இருக்காது. இரண்டு நாள் வெயில் அடிக்கட்டும் என்றாள்.

"எங்க ஊர்ல மழை பெஞ்சாத்தான் எல்லாம் நல்லாருக்கும்" என்றேன். எனக்கே அது குழந்தை பேசுவதுபோல் இருந்தது.

"உங்க ஊரு நெல்லுக்கு சரிங்ணா. இதுக்குப் பட்டினி போடோணும். பாறையிடுக்குல, மண்ணே இல்லாத எடத்துல, தண்ணிக்குத் தவிச்சு வேரு உள்ள போவுது பாருங்க, அந்தத் தவிப்புதான் வாசம். நல்லா சோறு போட்டு வளத்தா கெழங்கு தொடையாட்டம் வரும். மூந்து பாத்தா ஒண்ணும் இருக்காது."

ஒரு கொடி வாங்கிப்போய் எங்கள் கொல்லையில் நடலாம் என்று எண்ணியிருந்தேன். அந்த எண்ணத்தை அங்கேயே விட்டேன்.

மூன்றாம் நாள் எனக்கு இருப்புக்கொள்ளவில்லை. மாதம்மா வீட்டுக்கு எதிரே மாட்டுக் கொட்டகையில் இடம் கொடுத்திருந்தார்கள். நான்கு முறை வானத்தைப் பார்த்தேன். ஒரு மேகம் வந்தால் பகைவனைப் போலப் பார்த்தேன். பத்து மணி ஆனதும் கை தானாக மணிக்கயிற்றைத் தேடியது. அங்கே முதல் மணி அடித்திருப்பார்கள். அங்கே கஞ்சி ஆறிக்கொண்டிருக்கும்.

உட்கார முடியாமல் மலைச்சரிவில் நடந்தேன். ஒரு மேட்டில் குழிகளாகக் கிடந்தது, பன்றி கிளறிய வயல் மாதிரி. குழிகளின் ஓரத்தில் கொடிகள் வேரறுந்து கருகிக் கிடந்தன. திரும்பி வந்து மாதம்மாவிடம் கேட்டேன்.

"போன வருசம் வந்தாங்க. லாரியில. ஊறுகாய்க் கம்பெனிக்குன்னாங்க. மூட்ட மூட்டயாப் போச்சு. தாய் வேரோட பிடுங்கிட்டாங்க, குழிய மூடவும் இல்ல. மூணு மழை ஆச்சு, ஒரு துளிர் இல்ல."

"நீங்க எடுத்தா துளிர்க்குமா?"

"நாங்க பக்க வேர்ல ரெண்டோ மூணோ எடுப்போம். தாயத் தொட மாட்டோம். ஆரு சாப்பிடறாங்களோ அவங்க பேரக் குழியில சொல்லிட்டு மூடிடுவோம். ஒரு பேருக்கு எவ்ளோ வேணுமோ அவ்ளோதான். எங்க மாமியா வூட்டு வழக்கம்." முறத்தில் இருந்த கல்லைப் பொறுக்கி எறிந்தாள். "மூட்டைக்குப் பேரு இருக்குதுங்களா?"

இதை அவள் சொன்னபோது பேரு, பேரு என்று இரண்டையும் ஒரே மூச்சில் சொன்னாள். எது வேர், எது பெயர் என்று எனக்குக் குழம்பிவிட்டது. முந்தின நாள் சிரித்ததை நினைத்துக் கேட்காமல் விட்டேன். நன்றாகப் புரிந்தவன் போலத் தலையை ஆட்டினேன். வாழ்நாளெல்லாம் நான் செய்துவருவது அதுதான்.

நாலாம் நாள் விடிந்ததும், "இன்னிக்கிப் போலாம்" என்றாள். கடப்பாரையைத் தோளில் வைத்துக்கொண்டு அவள் ஏறிய வேகத்துக்கு என்னால் ஏற முடியவில்லை. மேலே இரண்டு பாறைகள் ஒன்றின்மேல் ஒன்று சாய்ந்த இடத்தில் அந்தக் கொடி இருந்தது. பார்வைக்கு ஒன்றுமில்லை. எதிரெதிரே இரண்டிரண்டு இலை, கிள்ளினால் பால். அவள் மண்ணை விலக்கி, கல்லை நெம்பி, கையை உள்ளே விட்டுத் துழாவினாள். கன்றுக்குட்டி பிறக்கும்போது கையை விட்டு எடுப்பார்களே, அப்படி. கட்டைவிரல் பருமனில் மூன்று வேர் வெளியே வந்தது. ஒன்றை நகத்தால் கீறி என் மூக்கருகே நீட்டினாள். நன்னாரி போலவும் இருந்தது, நசுக்கிய மூட்டைப்பூச்சி போலவும் இருந்தது. மண்டைவரை ஏறியது. என் வாயில் எச்சில் ஊறியது. இதுதான் என்று தெரிந்துவிட்டது.

குழியின்மேல் குனிந்தபடியே அவள் கேட்டாள்:

"ஆரு பேருங்ணா?"

இந்த முறை நான் ஏமாறக் கூடாது என்று நினைத்தேன். பேரு என்றால் வேர். யாருடைய வேர் என்கிறாள்.

"என்னோடதுதாம்மா."

"உங்களுதா?" என்று நிமிர்ந்து என்னை ஏற இறங்கப் பார்த்தாள். என் வயிற்றின் மேல் அவள் பார்வை கொஞ்சம் தயங்கியது. பிறகு குனிந்து கன்னடத்தில் நாலு வார்த்தை சொன்னாள். நடுவே 'முத்துக்கொமாரசாமி' என்று கேட்டது. வாங்க வந்தவன் யார் என்று செடிக்குச் சொல்கிறாள் என்று நினைத்தேன். மண்ணைத் தள்ளிக் கல்லைத் திரும்ப வைத்து மூடினாள். வேரை அதன் மண்ணோடேயே துணியில் முடிந்து கொடுத்தாள்.

"தண்ணி காட்டாதீங்க. தோல சீவி, நடு நரம்ப எடுத்துட்டு, எலுமிச்சம்பழத்துல ஊறப்போட்டுத் தொட்டுக்குங்க. நல்லாப் பசிக்கும். ஒடம்பு தேறிடும்ங்ணா."

எனக்கு உடம்பு நன்றாகத்தானே இருக்கிறது என்று தோன்றியது. மரியாதைக்குச் சொல்கிறாள் என்று விட்டுவிட்டேன். எவ்வளவு தர வேண்டும் என்றதற்கு, பாய் கடையில் உப்பும் மண்ணெண்ணெயும் வாங்கி அனுப்பச் சொன்னாள்.

பாய் கடையில் அதை வாங்கிக் கொடுத்துவிட்டு, மத்தியான பஸ்ஸுக்கு நின்றேன். பாய் முடிச்சை மோந்து பார்த்து, "அசல்" என்றார். "பேரச் சொல்லித்தானே எடுத்தாங்க?"

"ஆமாம். என் பேரைக்கூடச் சொன்னாங்க."

பாய் முடிச்சை மேசைமேல் வைத்தார். "உங்க பேரையா? திங்கறது உங்க வூட்லதானுங்களே?"

அப்போதுதான் எல்லாம் ஒன்றாக விளங்கியது. பாய் என் முகத்தைப் பார்த்துவிட்டு, "நமக்கு இதெல்லாம் கெடயாதுங்க. வேரு வேருதான், போங்க" என்றார். கொஞ்சம் பொறுத்து, "ஆனா அவங்க கொடி, அவங்க வழக்கம்" என்றும் சொன்னார். அந்த இரண்டாவதைச் சொல்லாமல் இருந்திருக்கலாம்.

பஸ் வந்தது. ஏறினேன். முடிச்சை மடியில் வைத்துக்கொண்டு எனக்கு நானே எடுத்துச் சொன்னேன். வேருக்குக் காது உண்டா. எட்டாவது படித்தவன் இப்படி நினைக்கலாமா. இந்த பஸ்ஸை விட்டால் ஒரு நாள் வீண், வேர் ஒரு நாள் காயும், லீவு ஒரு நாள் குறையும். எல்லாம் சரியாகத்தான் இருந்தது. ஆனால் என் மனைவி சாப்பிடாமல் போனால், என் வெட்கத்தால்தான் சாப்பிடவில்லை என்று காலமெல்லாம் தோன்றுமே. முன் இருக்கையில் ஒரு ஆள் வேர்க்கடலையை உடைத்து உடைத்துத் தின்றுகொண்டிருந்தார். அந்தச் சத்தமும் தாங்கவில்லை.

"இறங்கணும்" என்றேன். எப்போதும்போல யாருக்கும் கேட்கவில்லை. எழுந்து போய்க் கண்டக்டரின் தோளைத் தட்டினேன். நடுக்காட்டில் இறக்கிவிட்டு, "என்னாங்க, எதையாவது மறந்துட்டீங்களா?" என்றார். ஆமாம் என்றேன்.

மலையடி ஊருக்கு நான் போய்ச் சேர்ந்தபோது வெயில் சாய ஆரம்பித்திருந்தது. மாதம்மா ஆட்டுக்குத் தழை கட்டிக்கொண்டிருந்தாள்.

"என்னாங்ணா, அதுக்குள்ள தின்னுட்டு அடுத்ததுக்கு வந்துட்டீங்களா?"

"அது எனக்கு இல்லம்மா."

"அப்புறம் ஆருக்கு?"

"வீட்டில்..." என்றேன்.

"வூடு சாப்பிடாதுங்ணா. செவுத்துக்குப் பசி எடுக்கலயா, கூரைக்கா? ஆளு பேரச் சொல்லுங்க."

கல்யாணமாகிப் பதினெட்டு வருடத்தில் என் மனைவியைப் பெயர் சொல்லி நான் கூப்பிட்டதில்லை. 'இந்தா' என்பேன். அதற்கு அவள் வருவாள். எங்கள் வீட்டில் அப்பாவும் அப்படித்தான். ஆஸ்பத்திரியில் பெயர் கேட்டபோதுகூட அவள் அக்காதான் முந்திக்கொண்டு சொன்னாள்.

மாதம்மா என்னைப் பார்த்தாள். அவள் முகத்தில் கேலி போயிருந்தது.

"சாப்பிட மாட்டேங்கறாங்களா?"

"மூணு மாசமாச்சு."

"இத மொதல்லயே சொல்றதுக்கென்ன? நான் உங்க தொப்பயப் பாத்து, இவருக்கு எதுக்கு இன்னும் பசின்னு நெனச்சேன்." தழையைக் கீழே போட்டாள். "அதே கொடியில இன்னொருக்கா தோண்ட மாட்டேன். தோண்டவும் வேண்டாம். பேரு அதேதான், பேரு மட்டும் மாத்தோணும். நான் சொன்னது சொன்னதுதான். மாத்தறது நீங்கதான் மாத்தோணும்."

மறுபடி ஏறினோம். அவள் பாறைக்கு இந்தப் பக்கமே நின்றுவிட்டாள். நான் மட்டும் போய் மூடிய குழிக்கு முன்னால் முட்டி போட்டேன். கல் இன்னும் சூடாக இருந்தது. மேலே அந்தச் சாதாரண இலைகள். வாயைத் திறந்தேன். காற்றுதான் வந்தது.

"என்னாங்ணா, சொல்லிட்டீங்களா?"

"சொல்லிட்டேன்."

"எனக்கே கேக்கல. அதுக்கு மேல கல்லு வேற இருக்குது."

நான் ஒரு மூச்சு இழுத்தேன். முப்பது வருடமாக எங்கள் ஊர் முழுக்கக் கேட்கும்படி மணி அடிக்கிறவன் நான் என்பது அப்போது நினைவுக்கு வந்தது.

"தையல்நாயகி" என்றேன். கேட்காத மாதிரி இருந்தது. "தையல்நாயகிக்கு."

கீழே மேய்ந்துகொண்டிருந்த ஆடுகள் தலையைத் தூக்கிப் பார்த்தன. மாதம்மா, "ஆச்சு, ஆச்சு. அதுக்குன்னு ஒகேனக்கல் வரைக்கும் கேக்க வேண்டாம்" என்றாள்.

அன்றிரவு அவள் வீட்டில் ஓர் உருண்டை களி முழுதாகச் சாப்பிட்டேன். ஊரை விட்டுக் கிளம்பிய பிறகு மீதி வைக்காமல் நான் சாப்பிட்டது அதுதான் முதல் தடவை.

ஊர் வந்து சேர்ந்தபோது லீவு முடிந்து ஒரு நாள் ஆகியிருந்தது. ரயிலிலிருந்து பார்த்தபோது எங்கள் பக்கம் மழையில் முழுகிக் கிடந்தது. எல்லாம் பச்சை, எல்லாம் சேறு, கண்ணுக்கெட்டிய தூரம் ஒரு கல் இல்லை. இத்தனை சோறு விளையும் மண்ணில் ஒரு விரல்நீள மாகாளிக்கு இடமில்லை என்பதை அன்றுதான் யோசித்தேன்.

அவள் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். முடிச்சை அவிழ்த்தேன். மண் உலர்ந்திருந்தது, வேர் சுருங்கவில்லை. அக்கா மூக்கைப் பொத்திக்கொண்டாள். இவள் குனிந்து மோந்தாள்.

"என்னாங்க இது, மூட்டைப்பூச்சியைப் புடிச்சிக்கிட்டு வந்திருக்கீங்க."

மூன்று மாதத்தில் அவள் சொன்ன முதல் நீளமான வாக்கியம்.

தோல் சீவி, நரம்பு எடுத்து, எலுமிச்சம்பழம் பிழிந்து, உப்புப் போட்டு வைத்தோம். ஊறும்வரை பொறுக்க முடியாமல் நடந்ததையெல்லாம் சொன்னேன். தவறான பஸ், களி, குழிகள், மூட்டை, பாறை. அவள் கண்ணை மூடிக்கொண்டு கேட்டாள். தூங்கிவிட்டாள் என்று நினைத்தேன்.

"அப்ப பேரு சொன்னீங்களா?"

"சொன்னேன்."

"என்னான்னு?"

அக்கா அடுப்படிக்குப் போயிருந்தாள். நான் சொன்னேன். மலையில் சொன்னதைவிட மெதுவாகத்தான்.

அவள் கையை நீட்டி ஒரு துண்டு எடுத்து வாயில் போட்டு மென்றாள். முகம் சுளித்தாள், நிறுத்தவில்லை. அக்கா கொண்டுவந்த மோர்சாதத்தில் நாலு கவளம் உள்ளே போயிற்று. நான் எண்ணினேன். ஐந்தாவதுக்குத் தட்டைப் பார்த்தாள், பிறகு என்னைப் பார்த்தாள்.

"இன்னொருதரம்" என்றாள்.

எதைக் கேட்டாள் என்று எனக்குத் தெரியவில்லை. துண்டையும் எடுத்து வைத்தேன், பெயரையும் சொன்னேன்.